போனை எடுக்காதவர்கள்

மே 6

போன வருஷத்து காலேஜ் டைரி ஒன்று ஆபீஸ் அலமாரியில் கேட்பாரற்றுக் கிடந்தது. எடுத்து வந்துவிட்டேன். கிழமை ஒத்துவராது, அடித்துவிட்டால் போச்சு. அம்மாவிடம் சொல்ல முடியாததை எங்காவது இறக்கி வைக்க வேண்டும்.

விஷயம் இதுதான். குரூப் ஃபோர் பரீட்சையில் தேறிவிட்டேன். ஜூன் 13 சென்னையில் சான்றிதழ் சரிபார்ப்பு. அசல் கொண்டுபோக வேண்டும். என் அசல் எல்லாம், பத்தாவது மார்க் ஷீட் முதல் டிகிரி வரை, நான் படித்து முடித்து இப்போது வேலையும் பார்க்கிற இதே இன்ஜினியரிங் காலேஜின் இரும்பு பீரோவில் இருக்கிறது. வேலைக்குச் சேருகிற அன்றே வாங்கி வைத்துக்கொள்வார்கள். பாதியில் விட்டுவிட்டு ஓடிவிடக் கூடாதாம். பதினோராயிரம் ரூபாய் சம்பளத்துக்கு இந்தக் காவல்.

பிளேஸ்மென்ட் ஆபீசர் தனசிங் சாரிடம் இன்று வாயைத் திறந்து கேட்டேன். கத்துவார் என்று நினைத்தேன். சிரித்தார். ஜூன் 10 காலேஜுக்குத் தரம் போடுகிற ஆய்வுக் குழு வருகிறது, அது நல்லபடியாக முடியட்டும், மறுநாளே பீரோவைத் திறந்து கொடுக்கிறேன் என்றார். அதற்கு முன்னால் ஒரு வேலை. நாலு வருஷம் முன்பு படிப்பை முடித்த பேட்ச், இருநூற்றுப் பதினாலு பேர். ஒவ்வொருவருக்கும் போன் போட்டு என்ன வேலை, என்ன சம்பளம், கல்விக் கடன் தீர்ந்ததா என்று கேட்டு எழுத வேண்டும். ஒவ்வொரு பெயருக்கும் நேரே, கடைசிக் கட்டத்தில் 'தொடர்பு கொள்ள முடிந்ததா' என்று ஒரு கேள்வி.

அது என்னுடைய பேட்ச். 173ஆவது வரிசையில் என் பெயரும் இருக்கிறது. அதைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம்.

மே 9

மூன்று நாளாகக் காது சுடச்சுட போன். கணக்கு: எடுத்தவர்கள் 61. மீதி பேர் எடுக்கவில்லை, அல்லது நம்பர் உபயோகத்தில் இல்லை.

எடுத்தவர்களும் எடுத்த எடுப்பில் பேங்கா என்றுதான் கேட்கிறார்கள். காலேஜ் என்றால் பெருமூச்சு விடுகிறார்கள். ஒருத்தி ஜவுளிக்கடையில் பில் போடுகிறாள். ஒருவன் சாப்பாடு டெலிவரி, பேசிக்கொண்டே சிக்னலில் நின்றான். நம் வகுப்பில் கோல்டு மெடல் வாங்கினாளே, அவள் டியூஷன் எடுக்கிறாளாம், எழுதிவிடாதே செண்பா என்று கெஞ்சினாள். நல்ல சம்பளத்தில் ஒன்பது பேர் இருக்கிறார்கள். அந்த ஒன்பது பேரும் தாங்களாகவே திருப்பிக் கூப்பிட்டுச் சொன்னார்கள்.

41ஆவது வரிசை, சோலைராஜ். முழுதாக அடித்து ஓய்ந்தது. நாலு தடவை போட்டேன். நம்பரைப் பார்க்காமலே அடித்தேன். நான் வகுப்புப் பிரதிநிதியாக இருந்தவள், எல்லோருடைய நம்பரும் மனப்பாடம்தான்.

எடுக்காதவர்களைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. தெரியாத நம்பர் வந்தால் நானும் எடுப்பதில்லை. என் கல்விக் கடனும் அப்படியே நிற்கிறது. வருகிற தபால்களை அம்மா பார்ப்பதற்கு முன் எடுத்து அரிசி டின்னுக்கு அடியில் வைக்கிறேன்.

மே 10

தண்ணீர் வந்தது. ஆறு நாளைக்குப் பிறகு. பதினெட்டு குடம். கை விரல் மடங்கவில்லை.

மே 13

முந்தாநாள் கணக்கைக் காட்டினேன். தனசிங் சார் தாளை ஒரு தடவை பார்த்துவிட்டு என்னிடமே தள்ளினார். "நல்லா இருக்கிறவன்தாம்மா போனை எடுக்க மாட்டான். வேலை மும்முரம். எடுக்காதவங்க எல்லாருக்கும் ஒரு கம்பெனி போடு" என்றார். என்னை விட்டுவிட்டு 152 பேருக்கு இரண்டு நாளில் வேலை கொடுத்தேன். அரசாங்கத்தால்கூட முடியாத காரியம்.

அட்மிஷன் சமயம் என்பதால் பிளெக்ஸ் பேனர் வைக்கிறார்களாம். பழைய மாணவர்கள் எட்டுப் பேர் முகம், கீழே சம்பளம். அந்த ஒன்பது பேரில் ஐந்து பேர் சம்மதித்தார்கள். மூன்று முகம் குறைந்தது. எடுக்காதவர்களில் போட்டால் ஆட்சேபணை சொல்ல யாரும் வரமாட்டார்கள் என்று யோசனை சொன்னது நான்தான். சார் பாராட்டினார்.

மூன்றில் ஒன்று சோலைராஜ். முகவெட்டு நன்றாக இருக்கும், அதனால். ரெக்கார்டில் இருந்த போட்டோ மங்கல். என் போனில் மூன்றாம் வருஷம் குற்றாலம் போனபோது எடுத்தது ஒன்று இருந்தது, அதை வெட்டி அனுப்பினேன். சம்பளம் என்ன போட என்றேன். ஏழு இருபது போடு என்றார். மென்பொருள் பொறியாளர், ஆண்டுக்கு 7.20 லட்சம்.

அவனோடு எனக்கு அவ்வளவாகப் பழக்கமில்லை.

மே 17

பேனர் வந்துவிட்டது. காலேஜ் சுற்றுச்சுவர், சாத்தூர் பஸ் ஸ்டாண்டு, விருதுநகர் பஸ் ஸ்டாண்டு, மதுரை மாட்டுத்தாவணி. சாத்தூரில் பஸ் ஏறும்போது பார்த்தேன். சிரிக்கிறான். இடது பக்கப் பல் நுனி உடைந்தது தெரிகிறது. ஹாஸ்டல் படியில் விழுந்து உடைந்தது, இரண்டாம் வருஷம், ஆடி மாசம்.

சரியாக வெட்டாமல் விட்டிருக்கிறேன். அவன் தோளோரம் ஒரு விரல் அகலத்துக்குப் பச்சைத் துப்பட்டா. எனக்கு மட்டும்தான் தெரியும். இருந்தாலும் பஸ் கிளம்பும்வரை தலையைக் குனிந்தே உட்கார்ந்திருந்தேன்.

மே 21

இரண்டு பேர் பைக்கில் வந்தார்கள். இஸ்திரி போட்ட சட்டை, வார்த்தைக்கு வார்த்தை மேடம். சோலைராஜ் போன் ஆப் மூலம் வாங்கிய கடன் விஷயமாம். கல்விக் கடனைக் கட்ட ஒரு ஆப்பில் எடுத்து, அதைக் கட்ட இன்னொன்று, அப்படியே ஐந்து ஆப். வேலையில்லை என்று ஒரு வருஷமாக டிமிக்கி கொடுக்கிறான், பேனரைப் பார்த்தால் ஏழு லட்சம் வாங்குகிறானே என்று சிரித்தார்கள். கம்பெனி முகவரி கேட்டார்கள். தெரியாது என்றேன். வீட்டு முகவரி கேட்டார்கள். ஒருவன் என் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையை போனில் போட்டோ எடுத்துக்கொண்டான். அனுமதி கேட்டுத்தான் எடுத்தான்.

ரிஜிஸ்டரில் இருந்ததைத்தான் சொன்னேன். ரிஜிஸ்டரை யார் வேண்டுமானாலும் பார்க்கலாம்.

மே 22

கேஸ் தீர்ந்துவிட்டது. விறகு அடுப்பில் சோறு. புகை கண்ணில் பட்டு இரண்டு வேளையும் அழுதேன், அம்மா கேட்டதற்குப் புகை என்றேன்.

மே 27

இன்று நடந்ததை எழுதக் கை வரவில்லை. எழுதிவிடுகிறேன்.

பதினொரு மணிக்கு ஒருவர் வந்தார். ஐம்பத்தைந்து வயதிருக்கும். தலைமுடியில், புருவத்தில் எல்லாம் பருப்புத் தூசி. விருதுநகரில் பருப்பு மில்லில் மூட்டை ஏற்றுகிறாராம். பேர் வீரபுத்திரன். கையில் ஒரு சீப்பு வாழைப்பழம். பேனரை எழுதிப் போட்ட ஆபீஸ் இதுதானா என்று கேட்டார். ஆமாம் என்றேன். வாழைப்பழத்தை என் மேஜையில் வைத்தார்.

சோலைராஜின் அப்பா.

மகன் வீட்டை விட்டுப் போய் எட்டு மாசம். போன் மணி அடிக்கும், எடுக்க மாட்டான். செத்தானா பிழைத்தானா தெரியாமல் இருந்திருக்கிறார்கள். போன வாரம் பஸ் ஸ்டாண்டில் முகத்தைப் பார்த்ததும் அங்கேயே கும்பிட்டாராம். வீட்டம்மாவைக் கூட்டி வந்து காட்டினாராம். அந்த அம்மா எட்டு மாசத்துக்குப் பிறகு அன்றைக்குத்தான் வயிறு நிறையச் சாப்பிட்டார்களாம்.

"சம்பளம் எல்லாம் எங்களுக்கு வேணாம் தாயி. அவன் எந்த ஊர்ல இருக்கான், அத மட்டும் சொல்லு. தூரமா நின்னு பாத்துட்டு வந்துருதேன்" என்றார்.

கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் தனசிங் சார். அவர் சட்டைப் பையில் பீரோ சாவி. கம்பெனிக்காரர்கள் முகவரி தரமாட்டார்கள், விசாரித்துச் சொல்கிறேன் என்றேன். என் வாய்தான் சொன்னது.

அவர் தலையாட்டிக்கொண்டார். அவசரமில்லை என்றார். பிறகு, ரெண்டு பேர் வந்து வீட்டுக்கு எதிரே டீக்கடையில் தினமும் உட்கார்ந்திருக்கிறார்கள், மகனுக்குக் கூட்டாளி என்கிறார்கள், பார்த்தால் அப்படித் தெரியவில்லை, முகவரியை யார் கொடுத்தார்களோ என்றார். நான் வாழைப்பழத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஒரு சீட்டில் தன் நம்பரை எழுதிக் கொடுத்து, என் நம்பரையும் வாங்கிக்கொண்டு கிளம்பியவர் வாசலில் நின்றார்.

"அந்தப் படத்துல ஓரமா பச்சையா ஒரு துணி தெரியுதே. கூட நின்னது யாருன்னு தெரியுமா தாயி? அந்தப் புள்ளைக்குத் தெரிஞ்சிருக்கும்லா, அவன் எங்கன்னு."

தெரியாது என்றேன்.

மே 28

அரிசி டின்னை நகர்த்தும்போது அடியில் இருந்த துப்பட்டாவையும் பார்த்தேன். அதை எதற்கு அங்கே வைத்தேன் என்று ஞாபகமில்லை.

மே 31

வீரபுத்திரன் ஐயா தினமும் ஒரு மணிக்கு, மில்லில் சாப்பாட்டு நேரத்தில், கூப்பிடுகிறார். இரண்டு நாள் எடுத்தேன். நேற்றும் இன்றும் எடுக்கவில்லை. மணி அடிக்கும்போது போனைக் கவிழ்த்து வைக்கிறேன். ஓய்ந்த பிறகும் மேஜை அதிர்கிற மாதிரியே இருக்கிறது.

நான் ஆபீஸ் போனிலிருந்து சோலைராஜுக்குத் தினமும் போடுகிறேன். மணி அடிக்கிறது. மணி அடித்தால் யாரோ சார்ஜ் போடுகிறார்கள் என்றுதானே அர்த்தம்? அவன்தான் போடுகிறானா?

ஜூன் 3

ஆய்வுக் குழு பட்டியலிலிருந்து பத்துப் பேரைத் தாங்களே தேர்ந்தெடுத்து, நேரில் போன் போட்டுப் பார்ப்பார்களாம். தனசிங் சார் அசரவில்லை. எடுக்காதவர்கள் நம்பருக்குப் பதிலாக லேப் அசிஸ்டென்ட்கள், டிரைவர்கள், அவர்களுடைய மச்சான்கள் நம்பரைப் போட வேண்டும். யாருக்கு என்ன பேர், என்ன கம்பெனி என்று துண்டுச் சீட்டு எழுதிக் கொடுக்க வேண்டும். போன தடவையும் இப்படித்தானாம். சோலைராஜாக மெக்கானிக்கல் லேபில் இருக்கிற ஞானப்பிரகாசம் பேசுவார். அவருக்கு நாற்பத்தெட்டு வயது. குரலை இளசாக்கி என்னிடம் பேசிக் காட்டினார். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். சிரித்துவிட்டுப் போய்க் குழாயடியில் வாந்தி எடுத்தேன்.

ஜூன் 5

அந்த இரண்டு பேரில் ஒருவன் என் போனுக்கே கூப்பிட்டான். அடையாள அட்டையில் நம்பர் இருக்கிறதே. கிழவனிடம் ஒன்றும் பெயரவில்லை, மேடத்துக்கு ஏதாவது தெரிந்தால் சொல்லுங்கள் என்றான். பிறகு, சாத்தூரில் உங்கள் தெருவில் தண்ணீர் ஆறு நாளைக்கு ஒரு தடவைதான் வருமாமே என்றான். அவ்வளவுதான் சொன்னான்.

அம்மாவை இனிமேல் தனியாகக் குழாயடிக்குப் போக வேண்டாம் என்றேன். உனக்கு என்னடி பேய் பிடித்திருக்கிறதா என்று திட்டினாள்.

ஜூன் 8

பட்டியலை முடித்துக் கொடுத்தேன். சென்னைக்குப் பஸ் டிக்கெட்டும் எடுத்தாயிற்று, 12ஆம் தேதி சாயங்காலம். சார் சாவியைத் தட்டிக் காட்டி, நாளை மறுநாள் ஒரு நாள் பல்லைக் கடித்துக்கொள் என்றார்.

இருநூற்றுப் பதினாலு நம்பர். டைப் செய்து செய்து கண் பூத்துவிட்டது. மேஜை முழுக்கத் துண்டுச் சீட்டுகள். வீரபுத்திரன் ஐயா கொடுத்த சீட்டும் அங்கேதான் கிடந்தது. இவ்வளவு நம்பரில் ஒன்றிரண்டு இடம் மாறினால் யாரும் ஒன்றும் செய்ய முடியாது.

ஜூன் 10

மூன்று பேர் வந்தார்கள். ரோஜாப்பூ மாலை, பொன்னாடை, முந்திரி பக்கோடா. மதியம் செமினார் ஹாலில் போன் பரிசோதனை. குழுவில் ஒரு அம்மா கோயம்புத்தூர்ப் பக்கம், அவர்தான் பேசினார். ஸ்பீக்கரில் போட்டார்கள். நான் சுவரோரம் பைல் பிடித்துக்கொண்டு நின்றேன்.

முதல் நாலு பேர் நன்றாகப் பேசினார்கள். டிரைவருடைய மச்சான் ஆங்கிலத்தில்கூட இரண்டு வார்த்தை சொன்னார். அந்த அம்மா பட்டியலைப் புரட்டிவிட்டு, பேனரில் பார்த்த பையன் ஒருத்தன் உண்டே, பல் உடைந்து, என்றார். 41.

மணி ஒரே தடவை அடித்தது. உடனே எடுத்தார்.

சோலைராஜுங்களா என்றார் அந்த அம்மா.

"நான் அவன் அப்பன் பேசுதேன். காலேஜா? அவன் இருக்கிற எடம் தெரிஞ்சிருச்சா தாயி? உசுரோட இருக்கானா?"

பக்கோடா மென்றுகொண்டிருந்தவர்கள் நிறுத்தினார்கள். மகன் சாப்ட்வேர் கம்பெனியில் வேலையில் இல்லையா என்று அந்த அம்மா மெதுவாகக் கேட்டார். நீங்கள்தானே எழுதிப் போட்டிருக்கிறீர்கள், உங்களைத்தான் கேட்கிறேன் என்றார் வீரபுத்திரன் ஐயா. பின்னால் பருப்பு மில் ஓடுகிற சத்தம் ஹால் முழுக்கக் கேட்டது. எட்டு மாசமாம்மா, எட்டு மாசமா என்று அவர் சொல்லிக்கொண்டே இருந்தார். யாரோ இணைப்பைத் துண்டித்தார்கள்.

இந்த நம்பரைப் போட்டது யார் என்று தனசிங் சார் கேட்டார். என்னைப் பார்க்காமல்தான் கேட்டார்.

"நான்தான் சார். கை தவறிடுச்சு" என்றேன். எனக்கே தெளிவாகக் கேட்டது. அந்த அம்மா என் முகத்தைப் பார்த்தார். அப்புறம், நீங்களும் இங்கே படித்தவரா, எந்த பேட்ச் என்று கேட்டார். சொன்னேன். அவர் பட்டியலில் என் பெயரைத் தேடி 173க்கு வந்தார். அதைக் காலியாகவே விட்டிருந்தேன்.

ஜூன் 11

காலேஜ் பேர் கெட்டதுக்கு விசாரணை. ஒரு மாசம் ஆகும். அதுவரை வேலைக்கு வர வேண்டாம். என் அசல் சான்றிதழ்களும் விசாரணை முடிந்த பிறகுதான்.

நாளைக்குச் சாயங்காலம் பஸ் சார் என்றேன். காலில் விழத் தயாராக இருந்தேன், அதை மறைப்பானேன். தனசிங் சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எப்போதும் சிரிக்கிற மனிதர், இன்றைக்குச் சிரிக்கவில்லை.

"என் சர்டிபிகேட்டும் அதே பீரோவுலதாம்மா இருக்கு. இருபத்திரெண்டு வருஷமா. சாவி என்கிட்ட இருக்குன்னுதான் பேரு. எடுத்தா அன்னைக்கே என் சீட்டக் கிழிச்சிருவாங்க" என்றார்.

வரும்போது சுற்றுச்சுவர் பேனரை இறக்கிக்கொண்டிருந்தார்கள். மற்ற ஊர்களில் இறக்க ஆள் அனுப்பவில்லையாம்.

ஜூன் 13

இன்று சரிபார்ப்பு. நான் வீட்டில் உளுந்து புடைத்தேன். அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன், அரிசி டின்னையும் நகர்த்திக் காட்டினேன். அடிப்பாள் என்று நினைத்தேன். தபால்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, எழுத்துக்கூட்டிப் படித்து, தேதி வாரியாக அடுக்கி வைத்தாள். இரண்டு பேரும் கட்டலாம்டி என்றாள். எப்படி என்று அவளும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

ஒரு மணிக்கு வீரபுத்திரன் ஐயா கூப்பிட்டார். எடுத்தேன். எல்லாம் பொய் என்று சொன்னேன். வேலை, சம்பளம், கம்பெனி, எல்லாம் நான் டைப் அடித்தது. வீட்டு முகவரியைக் கொடுத்ததும் நான். பச்சைத் துப்பட்டாவும் நான்தான். அந்தப் பக்கம் மில் ஓடிக்கொண்டே இருந்தது. வைத்துவிட்டார்.

ஜூன் 15

காலை பத்து மணி. தெரியாத நம்பர். அந்த பைக் ஆட்கள்தான் என்று இரண்டு தடவை எடுக்கவில்லை. மூன்றாவது தடவை அடித்தபோது, என்னதான் ஆகிவிடும் என்று எடுத்தேன்.

"செண்பா, அந்த பேனர எப்ப இறக்குவாங்க?"

உட்கார்ந்துவிட்டேன்.

மாட்டுத்தாவணிக்கு எதிரே புரோட்டா கடை. எட்டு மாசமாக அங்கேதான் இருக்கிறான். நாளைக்கு அறுநூறு ரூபாய், சாப்பாடு, மாடியில் படுக்கை. கல்லுக்கு நேர் எதிரே பேனர். மாவைத் தூக்கி அடித்து நிமிர்ந்தால் அவன் முகம்தான். சாப்பிட வந்தவர்கள் உன்னை மாதிரியே இருக்கிறான் என்று சிரிக்கிறார்களாம். வாயைத் திறந்தால் பல் காட்டிக்கொடுக்கும் என்று ஒரு மாசமாக யாரோடும் பேசாமல் வாயை மூடித் துண்டைக் கட்டிக்கொண்டு வேலை செய்கிறானாம். நேற்று பைக்கில் இரண்டு பேர் வந்து பேனரைக் காட்டி ஒவ்வொரு கடையாக விசாரித்திருக்கிறார்கள். பின்வாசல் வழியாக ஓடி வந்துவிட்டான்.

நான் போட்ட போன் எல்லாம் பார்த்தானாம். காலேஜ் நம்பர் ஆனதால் எடுக்கப் பயம். இது கடை மாஸ்டருடைய போன், பஸ் ஸ்டாண்டில் வந்து கொடுத்திருக்கிறார்.

அழுதுகொண்டே மன்னிப்புக் கேட்டேன். அவன் அதைக் காதில் வாங்கவே இல்லை.

"அப்பா பேனரப் பாத்தாரா?"

பார்த்தார் என்றேன்.

"நம்பிட்டாரா?"

நம்பினார், அம்மாவையும் கூட்டி வந்து காட்டினார் என்றேன். பின்னால் கண்டக்டர் ராஜபாளையம், தென்காசி என்று கூவிக்கொண்டிருந்தார். பிறகு, எவ்வளவு போட்டீர்கள், ஏழு இருபதா, பத்தாக்கூடப் போட்டிருக்கலாமே என்று சொல்லிச் சிரிக்கப் பார்த்தான். சிரிப்பு வரவில்லை.

புரோட்டா கடை என்று அப்பாவிடம் சொல்லிவிடாதே என்றான். சொல்லுவேன் என்றேன். அவன் திட்டவில்லை.

ஜூன் 16

வீரபுத்திரன் ஐயா டீக்கடையில் காத்திருக்கிறவர்கள் கண்ணில் படாமல், மில்லின் லோடு லாரியில் மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்து மதுரைக்குப் போயிருக்கிறார். நேற்று நான் கடையைச் சொன்னதும் போனை வைத்துவிட்டவர், அப்புறம் என்னிடம் பேசவில்லை, லாரி விஷயம் மில்லில் விசாரித்துத் தெரிந்தது. மாஸ்டர் போனிலிருந்து ஒரு படம் மட்டும் வந்தது. பேனர் கீழே கிடக்கிறது. கயிற்றை அறுக்கிற கத்தி ஒரு மாவுக் கையில் இருக்கிறது. ஓரத்தில், தூசி படிந்த ஒரு தோள்.

பட்டியலின் பிரதி ஒன்று என்னிடம் இருந்தது. எடுத்து உட்கார்ந்தேன்.

41. சோலைராஜ். புரோட்டா மாஸ்டருக்கு உதவியாள், நாளைக்கு அறுநூறு. இப்போது அதுவும் இல்லை. கடன் இருக்கிறது. தொடர்பு கொள்ள முடிந்ததா: முடிந்தது.

173. செண்பகவள்ளி. வேலை இல்லை. சம்பளம் இல்லை. அசல் சான்றிதழ் பீரோவில். கடன் இருக்கிறது.

கடைசிக் கட்டத்துக்கு வந்தபோது போன் அடித்தது. புது நம்பர். பேங்கா, பைக் ஆட்களா, தெரியவில்லை. குழாயடியில் அம்மா தண்ணீர் பிடிக்கிற சத்தம் கேட்டது.

எடுத்தேன்.